பதினான்கு நாள் கடந்த முறையீடு

கேள்வி: எங்கள் கிராமத்தில் வெள்ள நிவாரண வீட்டு உதவிக்குப் பயனாளிகளை எப்படித் தெரிவு செய்தார்கள் என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஓர் அலுவலகத்தில் கேட்டேன். தர மறுத்துவிட்டார்கள். மறுப்புக் கடிதத்தின் திகதி நவம்பர் 12. என் கைக்கு வந்தது 24ஆம் திகதி. 29ஆம் திகதி அம்மாவைத் திருகோணமலை ஆஸ்பத்திரியில் சேர்த்து, டிசம்பர் 14 வரை நான் ஒருத்தியே கூட இருந்தேன். 22ஆம் திகதி முறையீட்டை எழுதிக்கொண்டு போனால், “14 நாள் முடிந்துவிட்டது” என்று கருமபீடத்திலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள். இனி வழியே இல்லையா? (வாசகி, மூதூர்)

பதில்: இருக்கிறது, சகோதரி. உங்களைத் திருப்பி அனுப்பியவருக்கு அதைத் தீர்மானிக்கும் அதிகாரமே இல்லை. இலங்கையின் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 31ஆம் பிரிவின்படி, தாமதமான முறையீட்டை ஏற்பதா இல்லையா என்று முடிவு செய்ய வேண்டியவர் அந்த அலுவலகத்தின் குறித்தளிக்கப்பட்ட உத்தியோகத்தர், அதாவது முறையீடுகளைக் கேட்பதற்கென்று அங்கே நியமிக்கப்பட்டவர். உங்கள் கட்டுப்பாட்டுக்கு அப்பாற்பட்ட காரணத்தால் உரிய காலத்தில் முறையிட முடியாமற்போனது என்று அவர் திருப்தியடைந்தால், 14 நாளுக்குப் பிறகும் ஏற்கலாம். ஆகவே முறையீட்டை அவர் பெயருக்கே பதிவுத் தபாலில் அனுப்புங்கள், பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள்.

முதலில் எத்தனை நாள் தாமதம் என்று பாருங்கள். மறுத்த நாளிலிருந்து மட்டுமல்ல, முறையிடுவதற்கான காரணம் உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்தும் அந்த 14 நாளைக் கணக்கிடச் சட்டம் இடம் தருகிறது. கடிதம் நவம்பர் 24இல்தான் கிடைத்தது என்றால் உங்கள் தவணை டிசம்பர் 8 வரை போகிறது. இதற்குச் சாட்சி அந்தக் கடித உறையின் மேலுள்ள தபால் முத்திரை. உறையை எறிந்துவிடவில்லையே? பலர் கடிதத்தைக் கோவையில் வைத்துவிட்டு உறையை அடுப்பில் போட்டுவிடுகிறார்கள். அதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு மனம் பதறும்.

அடுத்தது தாமதத்துக்கான விளக்கம். கச்சேரியில் (மாவட்டச் செயலகத்தில்) முறையீட்டுக் கோவைகள் என் மேசைக்கு வந்த காலத்தில், “தவிர்க்க முடியாத காரணங்களால் தாமதமாகிவிட்டது” என்ற ஒரே வரியோடு வந்த கடிதங்கள் ஏராளம். அந்த வரியை வைத்துக்கொண்டு எந்த அதிகாரியாலும் உங்களுக்கு உதவ முடியாது. மன்னிப்பும் கேட்க வேண்டாம். நடந்ததைத் திகதியோடு எழுதுங்கள். அம்மாவை அனுமதித்த நாள், விடுவித்த நாள், கூட நிற்க வேறு ஆள் இல்லாதது, எல்லாம் வரட்டும். ஆஸ்பத்திரியில் தந்த அட்டையின் பிரதியையும், வீட்டில் வேறு துணை இல்லை என்பதற்குக் கிராம உத்தியோகத்தரின் கடிதத்தையும் இணையுங்கள்.

என்னை உறுத்துவது டிசம்பர் 14க்கும் 22க்கும் இடைப்பட்ட நாட்கள். உங்கள் கடிதத்தில் அவற்றைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அதிகாரியின் கண் முதலில் போவதும் அங்கேதான். அம்மா வீட்டில் எழுந்து நடமாட முடியாமல் இருந்தாரா? வெள்ளத்தில் பாதை மூடிக் கிடந்ததா? எது உண்மையோ அதை எழுதுங்கள், இல்லாததைச் சேர்க்காதீர்கள். இந்தியாவில் தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளப் ‘போதிய காரணம்’ இருந்தால் போதும். ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் கேட்பதை இயந்திரத்தனமாகச் செய்யக்கூடாது என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1987இல் கட்டிஜி வழக்கில் சொன்னது. நம் சட்டத்தின் வாசகம் அதைவிட இறுக்கமானது. அதனால் அந்த எட்டு நாளை வெறுமையாக விடாதீர்கள். இன்னும் ஒரு நாளும் தள்ளிப்போடாதீர்கள். இப்போதைய தாமதத்துக்கு ஆஸ்பத்திரியைக் காரணம் காட்ட முடியாது.

முறையீட்டுக்கு மூன்று வாரத்துக்குள் காரணத்தோடு முடிவு தர வேண்டும். ஏற்க மறுத்தாலோ, பதிலே வராவிட்டாலோ, இரண்டு மாதத்துக்குள் கொழும்பிலுள்ள தகவல் அறியும் உரிமைக்கான ஆணைக்குழுவுக்குப் போகலாம். உங்களால் முடியாதபோது, எழுத்தில் அதிகாரமளித்து இன்னொருவர் மூலமும் முறையிடலாம். இது முன்பே தெரிந்திருந்தால் ஆஸ்பத்திரிக் கட்டிலருகில் இருந்தே ஒரு கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருப்பீர்கள். அலுவலகங்கள் இதைச் சுவரில் எழுதி ஒட்டாதது எனக்குப் பெரிய மனக்குறை.

கேள்வி: அடிப்படை உரிமை மீறலுக்கு ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றம் போக வேண்டுமாமே. மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்தால் காலம் நிற்குமா? (வாசகர், கிண்ணியா)

பதில்: அந்த ஒரு மாதத்துக்குள் முறைப்பாடு செய்திருந்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது, 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 13ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. ஆனால் முறைப்பாடு கொடுத்த பற்றுச்சீட்டு மட்டும் போதாது, விசாரணை உண்மையில் நடப்பதைக் காட்ட வேண்டும் என்று உயர் நீதிமன்றம் பல வழக்குகளில் வலியுறுத்தியிருக்கிறது. ஆகவே விசாரணை தொடர்பாக ஆணைக்குழு அனுப்பும் ஒவ்வொரு கடிதத்தையும் சேர்த்து வையுங்கள். ஒரு மாதம் முடியுமுன் சட்டத்தரணி ஒருவரையும் பார்த்துவிடுங்கள்.