லஞ்சத்தைக் குறைக்க நடைமுறையில் என்னதான் வழி?

அரசு அலுவலகங்களிலும் தனியார் நிறுவனங்களிலும் ஊழலைக் குறைக்க உண்மையிலேயே பலன் தரும் வழி எது, சும்மா பேச்சுக்கு வேண்டாம் என்று கேட்டிருக்கிறீர்கள். நான் கோவையில் பம்ப் உதிரிபாகம் செய்யும் ஒரு கம்பெனியில் 14 வருஷமாக பர்ச்சேஸில் இருக்கிறேன். தாலுகா ஆபீசில் என்னிடம் கேட்டிருக்கிறார்கள், வேலை செய்யும் இடத்தில் எனக்கே கொடுக்க வந்திருக்கிறார்கள். இரண்டையும் பார்த்ததில் எனக்குப் பிடிபட்ட விஷயம் இதுதான்: நம் காகிதமோ நமக்கு வரவேண்டிய பணமோ ஒரே ஒருத்தர் மேஜையில், வேறு யார் கண்ணிலும் படாமல், எத்தனை நாள் வேண்டுமானாலும் கிடக்கலாம் என்றால் அங்கே லஞ்சம் தானாக முளைக்கும். அந்த மேஜையில் உட்கார்ந்திருப்பவர் நல்லவரா கெட்டவரா என்பதெல்லாம் அப்புறம்தான்.

2019-ல் நடந்ததைச் சொல்கிறேன். அப்பா இறந்தபிறகு பாகப்பிரிவினை பதிவு செய்து, அம்மா பங்குக்கு வந்த நிலத்துக்கு உட்பிரிவோடு பட்டா மாறுதலுக்கு இ-சேவை மையத்தில் மனு போட்டோம். ஒப்புகைச் சீட்டு உடனே கையில் வந்துவிட்டது. அதோடு சரி. நான்கு மாதம் எப்போது பார்த்தாலும் மனு சர்வேயரிடம் நிலுவை என்றே காட்டியது. நேரில் போனால் "வேலை ஜாஸ்தி சார், வரிசைப்படி வருவோம்" என்றார். எங்களுக்கு ஒன்றரை மாதம் கழித்து மனு போட்ட பங்காளி ஒருவருக்கு ஒன்பதே நாளில் அளந்து கல் நட்டுவிட்டார்கள். விசாரித்தால் ஆபீசுக்கு எதிரே டீக்கடையில் வைத்து எட்டாயிரம் கொடுத்திருக்கிறார். என்னிடமும் ஒருவர் அதே டீக்கடையில் "பாத்து கவனிச்சுடுங்க சார், இந்த வாரமே முடிஞ்சுடும்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

கொடுத்திருந்தால் முடிந்திருக்கும். அம்மாவே "கொடுத்துத் தொலைடா, அலைய முடியல" என்றார். கோபத்தில்தான் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு எழுதினேன். ஒரு வெள்ளைத்தாள், பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை, ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபால். இந்த இடத்தில் பலர் தவறு செய்கிறார்கள், அதனால் கொஞ்சம் விளக்கமாகவே சொல்கிறேன். "ஏன் தாமதம்?" என்று கேட்கக் கூடாது, ஏன் என்பதற்கு அவர்களிடம் ஆவணம் கிடையாது என்று ஒரே வரியில் மறுத்துவிடுவார்கள். கோப்பில் என்ன இருக்கிறதோ அதைக் கேட்க வேண்டும். என் மனு எந்தத் தேதியில் எந்த அலுவலரிடம் வந்தது, அவரிடம் எத்தனை நாள் இருந்தது, அவர் எடுத்த நடவடிக்கை என்ன, அவருடைய பதவி என்ன, என் மனுவுக்குப் பிறகு வந்த மனுக்களில் எத்தனை முடிக்கப்பட்டன, அந்தப் பதிவேட்டுப் பக்கங்களின் நகல் வேண்டும். கேட்டது இவ்வளவுதான். லஞ்சம் என்ற சொல்லே அதில் கிடையாது.

பத்தொன்பதாவது நாள் சர்வேயரே போன் செய்தார். சனிக்கிழமை காலை வந்து அளந்து கொடுத்தார், ஒரு டீகூட வேண்டாம் என்றார். பிற்பாடு எழுத்துமூலம் பதிலும் வந்தது. பதிவேட்டு நகலைப் பார்த்தபோது எங்களுக்குப் பின்னால் வந்த 11 மனுக்கள் எங்களைத் தாண்டிப் போயிருந்தன, தேதியோடு. அந்தப் பக்கத்தை இன்னும் வைத்திருக்கிறேன்.

அது ஏன் வேலை செய்தது என்று யோசித்தால், 30 நாளுக்குள் பதில் தராவிட்டால் பொதுத் தகவல் அலுவலருக்கு நாளுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 வரை அபராதம் போடலாம் என்று 2005 சட்டம் சொல்கிறது. அவர் சொந்தக் காசு. தகவல் ஆணையம் வரை மேல்முறையீடு போனால் மாதக்கணக்கில், ஏன், வருஷக்கணக்கில் இழுக்கும், அபராதம் போடுவதும் அபூர்வம், அது நிஜம்தான். ஆனாலும் "வரிசைப்படி வருவோம்" என்று வாயால் சொல்வது சுலபம், அந்த வரிசையைத் தாளில் நகலெடுத்துக் கையெழுத்துப் போட்டுக் கொடுப்பது கஷ்டம். என் விஷயத்தில் சட்டத்தின் பலம் அந்த இடத்தில்தான் இருந்தது.

எல்லாவற்றையும் ஆன்லைன் ஆக்கினால் போதும் என்பவர்களிடம் இதைத்தான் சொல்வேன். எங்கள் மனு ஆன்லைனில்தான் இருந்தது. நிலத்தை அளக்க ஓர் ஆள் நேரில் வரவேண்டும், அவர் எப்போது வருவார் என்பது அவர் இஷ்டம் என்று விட்டுவைத்தால் கம்ப்யூட்டர் என்ன செய்யும்?

சரி, அரசாங்கத்தில் உருப்படியாகச் செய்த உதாரணமே இல்லையா என்றால், இருக்கிறது, நம் ஊரிலேயே. தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம். என் அத்தை அரசு ஆஸ்பத்திரியில் மருந்தாளுநராக இருந்து ஓய்வு பெற்றவர், இதைப் பற்றி அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும், பிறகு நானே தேடிப் படித்தேன். 1994-ல் ஆரம்பித்து அடுத்த வருஷம் முதல் அரசு ஆஸ்பத்திரிகளுக்கான மருந்துகளை இந்தக் கழகமே மொத்தமாக வாங்குகிறது. டெண்டரில் இரண்டு கவர், தகுதி கவரில் தேறியவர்களின் விலை கவரை மட்டும்தான் திறப்பார்கள். சரக்கு மாவட்டக் கிடங்குக்கு வந்ததும் மாதிரி எடுத்து, கம்பெனி பெயர் தெரியாதபடி மறைத்து, ஒரு குறியீட்டு எண் போட்டு வெளி ஆய்வகத்துக்கு அனுப்புகிறார்கள். சோதிக்கிறவருக்கு அது யார் மாத்திரை என்றே தெரியாது, அப்புறம் யாரிடம் போய்ப் பேரம் பேசுவது? ஒவ்வொரு ஆஸ்பத்திரிக்கும் பேங்க் பாஸ்புக் மாதிரி ஒரு பாஸ்புக், எவ்வளவு தொகைக்கு ஒதுக்கீடு, எவ்வளவுக்கு மருந்து எடுத்தார்கள் என்று அதில் பதிவாகும். மாத்திரை அட்டையிலேயே தமிழ்நாடு அரசு, விற்பனைக்கு அல்ல என்று அச்சடித்து வருவதால் வெளியே மெடிக்கலில் வைத்து விற்கவும் முடியாது. அந்த அட்டையை நீங்களும் பார்த்திருப்பீர்கள். கேரளாவும் ராஜஸ்தானும் பின்னாளில் இதே மாதிரியில் கழகம் தொடங்கின. குறையே இல்லாத அமைப்பு என்று சொல்லமாட்டேன். ஆனால் இதில் ஒரு இடத்தில்கூட "அதிகாரி நேர்மையாக இருப்பார்" என்ற நம்பிக்கையை மட்டும் வைத்துக் கட்டவில்லை பாருங்கள், அது எனக்கு ரொம்பப் பிடித்தது.

இதைப் படித்துவிட்டு எங்கள் கம்பெனியில் ஒரு மாற்றம் கேட்டு வாங்கினேன். காஸ்டிங் சப்ளை செய்யும் சின்னப் பட்டறைக்காரர்கள் சிலர் தங்கள் சரக்கு அடிக்கடி ரிஜெக்ட் ஆகிறது என்று புலம்பிக்கொண்டிருந்தார்கள், ஒருவர் மட்டும் அழுதுகொண்டே சொன்னார், லோடுக்கு இவ்வளவு என்று தரம் பார்க்கும் இடத்தில் கொடுத்தால்தான் பாஸ் ஆகிறதாம். மாதிரிகளில் சப்ளையர் பெயரை எடுத்துவிட்டு எண் மட்டும் ஒட்டச் சொன்னோம், எந்த எண் யாருடையது என்ற நோட்டு ஸ்டோர்ஸில் இருக்கும். இரண்டு மாதத்தில் புலம்பல் நின்றுவிட்டது. யாரையும் வேலையை விட்டு அனுப்பவில்லை.

தனியார் கம்பெனியில் இன்னொரு லஞ்ச ஊற்று பேமென்ட். பில் போட்டு மூன்று மாதம் ஆகியும் பணம் வராத பட்டறைக்காரர் அக்கவுன்ட்ஸில் இருப்பவருக்கு தீபாவளிக்கு ஸ்வீட் பாக்ஸும் கவரும் கொடுக்காமல் என்ன செய்வார்? சிறு தொழில்களுக்கு 45 நாளுக்குள் பணம் தரவேண்டும் என்று 2006 சட்டத்திலேயே இருக்கிறது, ஒருவரும் மதித்ததில்லை. அந்தக் கெடுவைத் தாண்டினால் செலவுக் கணக்கில் அந்த வருஷம் காட்ட முடியாது என்று வருமான வரிச் சட்டத்தில் 2024-ல் வந்ததும் எங்கள் முதலாளியே வாராவாரம் நிலுவைப் பட்டியல் கேட்கிறார். தேதி நிச்சயமானபிறகு கவருக்கு என்ன அவசியம்?

லஞ்சம் கொடுக்கிறவர்கள் பக்கமும் ஒன்று சொல்ல வேண்டும். ஊழல் தடுப்புச் சட்டத்தில் 2018-ல் வந்த திருத்தத்துக்குப் பிறகு அரசு ஊழியருக்கு லஞ்சம் கொடுப்பதும் நேரடிக் குற்றம், ஏழு வருஷம் வரை சிறை. கட்டாயப்படுத்தப்பட்டுக் கொடுத்தவர் ஏழு நாளுக்குள் புகார் செய்தால் அந்தப் பிரிவு அவர்மேல் பாயாது. முன்கூட்டியே லஞ்ச ஒழிப்புத் துறையிடம் சொல்லிவிட்டு, ரசாயனம் தடவிய நோட்டைக் கொண்டுபோய்க் கொடுக்கிறவருக்கும் பாதுகாப்பு உண்டு. இந்த ஏழு நாள் விஷயம் எங்கள் பங்காளிக்குத் தெரியாது, நான் சொன்னபோது ஏழு நாள் எப்போதோ தாண்டியிருந்தது.

ஆனால் உள்ளே இருந்து ஊழலைச் சொல்கிறவருக்கு நாம் என்ன பாதுகாப்பு வைத்திருக்கிறோம்? சத்யேந்திர துபே என்ற இன்ஜினியர் தங்க நாற்கரச் சாலைத் திட்டத்தில் நடந்த முறைகேடுகளைப் பிரதமர் அலுவலகத்துக்கு எழுதினார், தன் பெயரை ரகசியமாக வைக்கச் சொல்லிக் கேட்டிருந்தார். பெயரோடு கடிதம் கைமாறியது, 2003 நவம்பரில் கயாவில் சுட்டுக் கொன்றார்கள். ஊழலை வெளிப்படுத்துவோர் பாதுகாப்புச் சட்டம் 2014-ல் நிறைவேறியும் நடைமுறைக்குக் கொண்டுவராமல் கிடப்பில் போட்டதை நினைத்தால் எனக்கு இப்போதும் ஆத்திரம் வருகிறது.

இப்போது ஒன்றே ஒன்று செய்யலாம் என்றால் எதைக் கேட்பாய் என்றால், கர்நாடகாவின் சகாலா சேவைச் சட்டம் போல ஒன்றைக் கேட்பேன். 2012 முதல் அங்கே ஒவ்வொரு மனுவுக்கும் ஒரு எண்ணும் ஒரு கெடுவும் உண்டு. கெடு தாண்டினால் நாளுக்கு 20 ரூபாய், அதிகபட்சம் 500 ரூபாய் இழப்பீடு கேட்கலாம், தாமதப்படுத்திய அலுவலரின் சம்பளத்தில் பிடித்துக்கொள்வார்கள். தொகை சின்னதுதான். ஆனால் இருபது ரூபாய் சம்பளத்தில் பிடிபட்டால்கூட அவர் பெயர் ஒரு பட்டியலில் ஏறிவிடும், மேலதிகாரி அதைப் பார்ப்பார். சேவை பெறும் உரிமைச் சட்டத்தை மத்தியப் பிரதேசம் 2010-லும் பீகார் 2011-லும் கொண்டுவந்தன. தமிழ்நாட்டுக்கும் இப்படி ஒன்று வேண்டும் என்று பல வருஷமாகக் குரல் எழுந்துகொண்டிருக்கிறது. உங்கள் தொகுதி எம்எல்ஏ ஓட்டுக் கேட்டு வரும்போது இதை வைத்து ஒரு கேள்வி கேளுங்கள், நான் கேட்டேன், "குறித்துக்கொள்கிறேன்" என்றார், என்ன ஆயிற்று என்று மறுபடியும் கேட்பேன்.