டென்ச்சரும் இண்டென்ச்சரும்

கேள்வி: எங்கள் முன்னோர் தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்குக் கப்பலேறி வந்த கதையைத் தேடினால், எந்தத் தாளை எடுத்தாலும் 'இண்டென்ச்சர்' என்ற ஆங்கிலச் சொல் வந்து நிற்கிறது. என் கட்டுப்பல்லைக் காட்டி, "இது டென்ச்சர் என்றால், இண்டென்ச்சர் எது பாட்டி?" என்று பேத்தி கேட்கிறாள். இரண்டுக்கும் உறவு உண்டா?
– வாசகி, சாட்ஸ்வொர்த், டர்பன்

பதில்: உண்டு அம்மா. குழந்தை சரியான இடத்தில்தான் கை வைத்திருக்கிறாள்.

லத்தீனில் 'டென்ஸ்' என்றால் பல். இடைக்கால இங்கிலாந்தில் இருவர் ஒப்பந்தம் செய்துகொண்டால், ஒரே தோல்தாளில் ஒரே வாசகத்தை இரண்டு முறை எழுதுவார்கள். பிறகு நடுவே ரம்பப் பல் போல நெளித்து வெட்டி, ஆளுக்கொரு பாதியை எடுத்துக்கொள்வார்கள். வழக்கு என்று வந்தால் இரண்டையும் சேர்த்துப் பார்ப்பார்கள். பல்லோடு பல் பொருந்தினால் அது மெய்யான பத்திரம். பேத்தியிடம் பழைய செய்தித்தாளையும் கத்தரிக்கோலையும் கொடுத்துப் பாருங்கள். ஒருமுறை வெட்டிய நெளிவை மறுமுறை அப்படியே வெட்ட அவளால் முடியாது. அந்த வெட்டுக்குத்தான் 'இண்டென்ச்சர்' என்று பெயர். நாளடைவில் பத்திரத்துக்கே அது பெயராகிவிட்டது.

தொழில் பழகப் போகும் பையனுக்கும் அவனுடைய எஜமானருக்கும் இடையில் எழுதியது இண்டென்ச்சர். 17ஆம் நூற்றாண்டில் கப்பல் கட்டணத்துக்கு ஈடாகச் சில ஆண்டுகள் உழைப்பதாக ஒப்புக்கொண்டு வர்ஜீனியா போன வெள்ளைக்கார ஏழைகள் கையெழுத்திட்டதும் அதுவே. அமெரிக்காவில் கடன் பத்திர ஒப்பந்தத்தை இன்றும் அப்படித்தான் சொல்கிறார்கள். அலுவலகத்தில் பொருள் கேட்டுப் போடும் 'இண்டென்ட்', பத்தியின் முதல் வரியில் விடும் இடைவெளி எல்லாம் இதே குடும்பம்.

1860 நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து டர்பன் துறைமுகத்துக்கு வந்த 'ட்ரூரோ' கப்பலில் இறங்கியவர்களும் இந்தச் சொல்லைச் சுமந்துதான் இறங்கினார்கள். ஐந்தாண்டு உழைப்பு, முதலாண்டில் மாதம் பத்து ஷில்லிங். 1911 வரை ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் அப்படி வந்தார்கள். இருவர் கையிலும் சரிபாதி இருக்க வேண்டும் என்பதற்காகப் பிறந்த சொல் அது. கரும்புத் தோட்டத்தில் அந்தச் சமநிலை எங்கே இருந்தது? சாதாரண வேலைக்காரர் வேலையை விட்டுப் போனால் முதலாளி சிவில் வழக்குப் போடலாம், அவ்வளவுதான். ஒப்பந்தக் கூலி தோட்டத்தை விட்டுப் போனாலோ அது குற்றம், சிறை.

1894இல் பாலசுந்தரம் என்ற தமிழர், தலைப்பாகையைக் கையில் ஏந்தி அழுதுகொண்டு காந்தியின் முன் வந்து நின்றார். எஜமானன் அடித்ததில் முன்பற்கள் இரண்டு உடைந்து வாயெல்லாம் இரத்தம். காந்தியால் அவரை ஒப்பந்தத்திலிருந்தே விடுவிக்க முடியவில்லை; வேறொரு எஜமானுக்கு மாற்றித்தர மட்டுமே முடிந்தது. இண்டென்ச்சர் என்று எங்கே படித்தாலும் எனக்கு அந்த இரண்டு பற்கள்தான் நினைவுக்கு வருகின்றன.

நீங்கள் தேடும் கப்பல் பட்டியலில் எண், பெயர், தகப்பன் பெயர், வயது, ஊர் ஆகியவற்றோடு உடல் அடையாளத்துக்கும் ஒரு கட்டம் உண்டு. என் பாட்டியின் தாயாருக்கு அதில் 'இடது புருவத்தில் தழும்பு' என்று எழுதியிருந்தது. அவருக்குப் புகைப்படம் கிடையாது. அவர் முகத்தைப் பற்றி எங்கள் குடும்பத்துக்குத் தெரிந்தது அந்த ஒரு வரிதான். எண்ணையும் ஊரையும் குறித்துக்கொண்டு தாளை மூடிவிடாதீர்கள் அம்மா. அந்தக் கட்டத்தையும் பேத்தியிடம் படித்துக் காட்டுங்கள்.