எக்கோ அறிக்கையில் வரும் ‘ஷண்ட்’ எதைக் குறிக்கிறது?

வணக்கம். கடலூர் சிப்காட்டில் மின்பராமரிப்புப் பணியில் இருக்கும் நீங்கள், உங்கள் குழந்தையின் எக்கோ (இதய அல்ட்ராசவுண்ட்) அறிக்கையில் ‘சிறிய விஎஸ்டி (இதயக் கீழறைகளுக்கு இடையிலான சுவரில் துளை), இடமிருந்து வலமாக ஷண்ட்’ என்றிருப்பதைக் கண்டு, இதயத்துக்குள் ஏதேனும் கருவி பொருத்த வேண்டுமோ என்று கேட்டிருக்கிறீர்கள். அந்தச் சொல் அங்கே கருவியைக் குறிக்கவில்லை. இரத்தம் விலகி ஓடும் வழியையே குறிக்கிறது.

மின்னோட்டத்தை அளக்கும் அம்மீட்டருக்கு இணையாக நீங்கள் பொருத்தும் 100 ஆம்பியர், 75 மில்லிவோல்ட் ஷண்டின் தடை 0.75 மில்லிஓம் மட்டுமே என்பதால், பெரும்பகுதி மின்னோட்டம் அதன் வழியே சென்றுவிடுகிறது. இதயத்தின் கீழறைகளுக்கு இடையிலான சுவரில் துளை இருக்கும்போதும், இடது கீழறையின் அழுத்தம் வலதைவிட அதிகமாகவும், நுரையீரல் இரத்தக்குழாய்களின் தடை உடலின் தடையைவிடக் குறைவாகவும் இருப்பதால், ஆக்சிஜன் ஏற்ற இரத்தத்தின் ஒரு பகுதி உடலுக்குச் செல்லாமல் மீண்டும் நுரையீரலுக்கே போகிறது. துளை சிறியதென்றால் அவ்வாறு போகும் அளவும் குறைவு.

கருவியாகவே ஷண்ட் வருவதற்கு ஓர் எடுத்துக்காட்டு, மூளை அறைகளில் தேங்கும் நீரை வயிற்றுக்குள் வடிக்கும் வால்வுள்ள குழாய். உங்கள் அறிக்கை அதைப் பற்றியதன்று.

சிறிய துளைகளில் பல, குறிப்பாகச் சுவரின் தசைப்பகுதியில் உள்ளவை, தாமாகவே மூடிக்கொள்கின்றன. ஆயினும் பால் குடிக்கும்போது மூச்சு வாங்குவது, நெற்றி வியர்ப்பது, எடை ஏறாதிருப்பது ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று தென்பட்டாலும், அடுத்த எக்கோ தேதிவரை காத்திராமல், உங்களுக்கு அருகிலேயே உள்ள புதுச்சேரி ஜிப்மரின் இதயநோய்ப் பிரிவில் தயவுசெய்து உடனே காட்டுங்கள். துளையின் அளவு மாறியுள்ளதா என்று மருத்துவர் ஒப்பிட்டுப் பார்க்க, இந்த அறிக்கையையும் எடுத்துச் செல்லுங்கள்.