வாசகர் கேள்வி – பதில்: சிங்கப்பூருக்கு முதற்பயணம்

மகள் ரிக்கற் போட்டுவிட்டா. விசா எடுக்க வேணுமா? வேறென்ன பத்திரம் தேவை?
– வாசகி, முள்ளியவளை

உறவினரைப் பார்க்கவோ சுற்றிப் பார்க்கவோ குறுகிய காலத்துக்குப் போகும் இலங்கையருக்கு முன்கூட்டிய விசா தேவையில்லை. கடவுச்சீட்டு இன்னும் 6 மாதமாவது செல்லுபடியாக வேண்டும். புதிதாக எடுப்பவர்கள் வவுனியாவிலுள்ள குடிவரவு குடியகல்வுத் திணைக்களப் பிராந்திய அலுவலகத்தில் விண்ணப்பிக்கலாம்.

முதலில் ரிக்கற்றில் உள்ள பெயரைப் பாருங்கள். தகப்பன் பெயர் முன்னே, சொந்தப் பெயர் பின்னே என்று எழுதுவது எங்கள் வழக்கம். வெளிநாட்டிலிருக்கும் பிள்ளை ஞாபகத்தில் பதியும்போது அது மாறிப்போகும், ஒரு ஆங்கில எழுத்தும் தவறும். விமான நிலையத்தில் அதைத் திருத்துவது பெரும்பாடு. கடவுச்சீட்டின் படப் பக்கத்தைப் படமெடுத்து அனுப்பி, கீழே உள்ள இரண்டு வரிகளைப் பார்த்தே பதியச் சொல்லுங்கள்.

அடுத்தது ‘எஸ்ஜி அரைவல் கார்ட்’ எனும் வருகைப் படிவம். போய்ச் சேரும் நாளையும் சேர்த்து 3 நாளுக்குள் இணையத்தில் நிரப்ப வேண்டும். சிங்கப்பூர்க் குடிவரவுத் துறையான ஐசிஏயின் தளத்தில் இதற்குக் காசில்லை. காசு கேட்கும் தளம் எதுவானாலும் இடைத்தரகர்தான். படிவத்தில் கொடுக்கும் மின்னஞ்சல் உங்களால் திறந்து பார்க்கக் கூடியதாக இருக்கட்டும். இப்போது கடவுச்சீட்டில் முத்திரை குத்துவதில்லை. எத்தனை நாள் தங்கலாம் என்பது மின்னஞ்சலில்தான் வரும். அந்தத் திகதியைத் தாண்டினால் குற்றம்.

தங்கும் வீட்டு முகவரியைத் தாளிலும் எழுதி வைத்திருங்கள். அங்கே அஞ்சல் குறியீடு 6 இலக்கம். பெரும்பாலும் ஒவ்வொரு கட்டடத்துக்கும் தனித்தனி. ‘#08-215’ என்றிருந்தால் 8ஆம் மாடி, 215ஆம் இலக்க வீடு. குடிவரவு அதிகாரி ஏன் வந்தீர்கள், எங்கே தங்குகிறீர்கள், எப்போது திரும்புகிறீர்கள் என்று கேட்கலாம். திரும்பும் ரிக்கற்றைக் காட்டிச் சுருக்கமாகச் சொன்னால் போதும்.

கச்சான் காற்றுக்குள்ளேயே வயலில நிக்கிற ஆக்கள் நாங்கள். அங்கத்தை வெயிலுக்கும் பயப்பட வேணுமோ?
– வாசகர், பரந்தன்

வெயிலுக்கு அல்ல, ஈரப்பதத்துக்குக் கவனமாக இருக்க வேண்டும். அங்கே பகல் வெப்பம் பெரும்பாலும் 31 முதல் 33 பாகை. வவுனியாச் சித்திரைக்குப் பழகியவருக்கு இது பெரிதல்ல. ஆனால் எங்கள் காற்று காய்ந்த காற்று. வியர்வை உடனே உலர்ந்து உடலைக் குளிர்விக்கும். அங்கே காற்றில் நீர் நிறைந்திருப்பதால் வியர்வை உலராமல் வழியும், உடலும் குளிராது. முதல் இரண்டு நாள் களைப்பும் தலையிடியும் வருவது இதனால்தான். ‘எங்கட ஊர்ச் சூடுதானே’ என்று பகல் முழுக்க நடக்கிறவர்களே அதிகம் படுத்துவிடுகிறார்கள்.

காலை 10 மணிக்கு முன்னும் மாலை 5 மணிக்குப் பின்னும் வெளியிடங்களைப் பாருங்கள், நடுப்பகலைக் கட்டடங்களுக்குள் கழியுங்கள். பருத்தி உடுப்பு போதும், பொலியெஸ்டர் வேண்டாம். குழாய் நீரைக் கொதிக்க வைக்காமலே குடிக்கலாம், ஆகவே போத்தலைக் கையில் வைத்து நிரப்பிக்கொள்ளுங்கள். ரயிலுக்குள்ளும் கடைத்தொகுதிகளுக்குள்ளும் குளிரூட்டி கடுமையாக இருக்கும். வியர்த்த உடம்போடு உள்ளே போகும் முதியவர்களுக்கு ஒரு சால்வை அவசியம்.

மழை சொல்லாமல் வரும். பிற்பகலில் இடியோடு கொட்டி ஒரு மணி நேரத்தில் வெளித்துவிடுவதும் உண்டு. மார்கழி, தை மாதங்களில் எங்கள் மாரியைக் கொண்டுவரும் அதே வடகீழ்ப் பருவக்காற்றால் அங்கும் நாட்கணக்கில் மழை பெய்யும். றப்பர்ச் செருப்பு ஈரத் தரையோட்டில் வழுக்கும். பிடிமானமுள்ள அடி வேண்டும்.

அண்ணா வீட்டுக்குக் கருவாடு, ஒடியல், கொஞ்சம் இறைச்சி வத்தல் கொண்டு போகலாமா? அம்மா வெத்திலை போடுறவா.
– வாசகி, ஒட்டுசுட்டான்

இறைச்சி வற்றல் வேண்டாம். மாடோ கோழியோ காட்டு இறைச்சியோ, எதுவும் வேண்டாம். முட்டையும் அப்படியே. ஒடியல், பனங்கட்டி பிரச்சினையில்லை. கருவாட்டை வீட்டுத் தேவைக்கு அளவாக, மணம் வெளியே வராமல் இரண்டு உறையில் கட்டுங்கள். மிளகாய்த்தூளைப் பெயரில்லாத பையில் கட்டாமல் கடை உறையிலேயே வைத்திருங்கள். ஐயம் இருந்தால் சுங்கத்தின் சிவப்புப் பாதையில் போய்ச் சொல்லிவிடுங்கள். நீங்களே சொன்னால் பொருள் மட்டும் பறிபோகும். ஒளித்துப் பிடிபட்டால் தண்டமும் சேரும்.

அம்மாவின் பையை நீங்களே ஒருமுறை பாருங்கள். வாயில் போடும் புகையிலை சிங்கப்பூரில் தடை, ஒரு துண்டுகூடக் கூடாது. வெற்றிலை பாக்கை சிராங்கூன் சாலைக் கடைகளில் வாங்கலாம். துப்புவதற்குத் தண்டம் உண்டு என்பதையும் பக்குவமாகச் சொல்லி வையுங்கள். சிகரெட்டுக்குத் தீர்வைச் சலுகையே கிடையாது. மின்சிகரெட், சுவிங்கம் இரண்டும் ஆகாது.

தினமும் எடுக்கும் மருந்தை மருத்துவரின் ஆங்கிலச் சீட்டோடு அதன் பெட்டியிலேயே கொண்டு போங்கள். நித்திரைக் குளிசை, கோடீன் கலந்த இருமல் மருந்து போன்றவற்றில் சிலவற்றுக்கு முன்அனுமதி வேண்டும். வேறொருவர் தரும் பொதியை, உறவினரே தந்தாலும், திறந்து பார்க்காமல் வாங்க வேண்டாம். அங்கே போதைப்பொருள் கடத்தலுக்கு மரண தண்டனை வரை உண்டு.

கட்டுநாயக்காவுக்குப் போற லேசான வழி எது?
– வாசகர், நெளுக்குளம்

வவுனியாவிலிருந்து புத்தளம், சிலாபம், நீர்கொழும்பு வழியாகக் கொழும்பு போகும் பஸ் என்றால் கட்டுநாயக்காச் சந்தியில் இறங்கலாம். ரயிலில் போனால் கோட்டையில் இறங்கி 187ஆம் இலக்க பஸ். விமானம் புறப்பட 3 மணி நேரத்துக்கு முன் அங்கே நில்லுங்கள்.

அங்கே ரயிலும் பஸ்ஸும் எப்படிப் பாவிப்பது?
– வாசகர், நெடுங்கேணி

நடத்துனர் இல்லை. ஏறும்போதும் இறங்கும்போதும் கட்டணம் கழிக்கும் அட்டையைக் கருவியில் தொட வேண்டும். புதியவர்கள் விடும் பிழை, பஸ்ஸில் இறங்கும்போது தொட மறப்பது. மறந்தால் அந்தப் பாதையின் கடைசித் தரிப்பு வரைக்குமான கட்டணம் போய்விடும். ஒருவருக்கு ஒரு அட்டை. ஒன்றை இருவர் பாவிக்க முடியாது. 0.9 மீற்றருக்கும் குறைந்த உயரமுள்ள பிள்ளைக்குப் பெரியவரோடு இலவசம். காசாகக் கொடுத்தால் பஸ்ஸில் மிச்சம் தரமாட்டார்கள். பஸ் வரும்போது கை காட்டுங்கள்.

சாங்கி விமான நிலையத்திலிருந்து ரயிலில் நகருக்குப் போகிறவர்கள் தானா மேரா அல்லது எக்ஸ்போ நிலையத்தில் மாற வேண்டும். ரயிலுக்குள் தண்ணீர் குடிப்பதும் தண்டத்துக்குரியது. நகரும் படியில் இடப்பக்கம் நில்லுங்கள். சேலைத் தலைப்பும் மெல்லிய செருப்பும் படி விளிம்பில் சிக்கும். பழகாத முதியவர்களை மின்தூக்கியில் கூட்டிப் போங்கள், அது எல்லா நிலையத்திலும் உண்டு.

சாப்பாடு, தேத்தண்ணி?
– வாசகர், புதுக்குடியிருப்பு

‘ஹோக்கர் சென்டர்’ எனும் உணவங்காடிகளில் மலிவு. சிராங்கூன் சாலை முனையில் ‘தேக்கா சென்டர்’ எனும் உணவங்காடி இருக்கிறது. எங்கள் வாய்க்கு ஏற்ற சோறு, ரொட்டி கிடைக்கும். மேசையில் கைத்தாள் பக்கெற் கிடந்தால் யாரோ இடம் பிடித்திருக்கிறார்கள். சாப்பிட்டபின் தட்டை நீங்களே திருப்பி வைக்க வேண்டும், வைக்காவிட்டால் தண்டம். குளிரூட்டிய உணவகங்களில் விலைக்குப் பின்னால் ‘++’ இருந்தால் 10 சதவீதச் சேவைக் கட்டணமும் 9 சதவீத வரியும் சேரும்.

‘தே’ என்று மட்டும் கேட்டால் ரின்பால் ஊற்றித் தருவார்கள். பிளேன்ரீக்கு ‘தே ஓ’, சீனியோடு வரும். சலரோகக்காரர் ‘தே ஓ கோசோங்’ என்று கேட்கட்டும், சீனியே இராது.

ஈழத்தவர் கட்டிய கோயில் ஏதும் அங்கே உண்டா?
– வாசகி, கனகராயன்குளம்

உண்டு. காத்தோங் பகுதியில் சிலோன் சாலையிலுள்ள ஸ்ரீ செண்பக விநாயகர் ஆலயம், 19ஆம் நூற்றாண்டில் அங்கு குடியேறிய இலங்கைத் தமிழர் தொடங்கியது. காலையில் அல்லது மாலையில் போங்கள். உச்சிப் பூசைக்குப் பிறகு நடை சாத்தினால் மாலையில்தான் திறப்பார்கள்.