சீட்டில் எழுதிக் கொடுத்த பெயர்

கேள்வி: என் மகனுக்கு இரண்டேகால் வயது. பெயர் வியான். ரோகிணி நட்சத்திரம் என்பதால் 'வி'யில் தேடினோம். பெயரியல் நிபுணர் ஒருவர் ஐயாயிரம் ரூபாய் வாங்கிக்கொண்டு பட்டியல் கொடுத்தார். அலுவலக நண்பர்களிடம் வாட்ஸ்அப்பில் ஓட்டெடுத்தோம், இதுதான் ஜெயித்தது. ஆங்கிலத்தில் ஒரு 'ஏ' கூடுதலாகச் சேர்த்திருக்கிறோம். இப்போது நர்சரியில் பெயரின் பொருளை அட்டையில் எழுதி வரச் சொல்கிறார்கள். 'உயிர்த்துடிப்பு மிக்கவன்', 'கிருஷ்ணனின் பெயர்', 'தனிச்சிறப்பான அறிவு' என்று ஆளுக்கொரு அர்த்தம் போட்டிருக்கிறார்கள். எது சரி? அர்த்தமே இல்லையென்றால் அரசிதழில் கொடுத்து மாற்றிவிடலாம் என்கிறாள் மனைவி. அம்மாவுக்கு இந்தப் பெயர் வாயில் நுழைவதில்லை, 'ஐயா' என்றே கூப்பிடுகிறார். பெயர் வைத்த அன்று காதில் சொல்லவும் சீட்டில் எழுதித்தான் கொடுத்தோம். அப்பா இல்லை. தெளிவான பதில் வேண்டும்.
- ஒரு வாசகர், சென்னை

பதில்: தம்பி, அட்டைக்கு வேண்டியதை முதலில் வாங்கிக்கொள்ளுங்கள். அதற்கப்புறம் உங்களிடம் எனக்கு வேறு பேச்சு இருக்கிறது.

வியான் என்கிற வடிவம் புதுசு. 2012-இல் ஓர் இந்தி நடிகை தன் மகனுக்கு வைத்தார். ரியான், கியான், விஹான் என்று ஒரே ஓசையில் முடிகிற பெயர்களோடு சேர்ந்து இதுவும் இன்று நம் தெருவுக்கு வந்துவிட்டது. வடிவம்தான் புதுசு, உள்ளே இருக்கும் சொல் மிகப் பழசு. வடமொழியில் 'அன்' என்றால் மூச்சு விடுவது. அதன் முன்னால் ஒட்டுகிற சொல் மாற மாற பிராணன், அபானன், வியானன், உதானன், சமானன் என்று ஐந்து காற்று. 'வி' என்ற ஒட்டு பிரிந்து பரவுவதைச் சொல்வது. நம் சித்த மருத்துவத்தில் வியானனுக்குப் 'பரவுகால்' என்று அழகான பெயர் உண்டு. கால் என்றால் காற்று. உடம்பெங்கும் ஓடிக் கைகாலை நீட்டவும் மடக்கவும் வைப்பது, உண்ட சாரத்தை எல்லா இடத்துக்கும் கொண்டுசேர்ப்பது அதன் வேலை. ஆகவே உயிர்த்துடிப்பு என்றவர் பாதிக் கிணறு தாண்டியிருக்கிறார். கிருஷ்ணன் என்றவர் அளந்துவிட்டிருக்கிறார். விஷ்ணு சகஸ்ரநாமத்தில் 'பிராண' உண்டு, 'வியான' இல்லை. அறிவு என்றவர் விஞ்ஞானத்தோடு குழப்பிக்கொண்டார் போல. 'உடலெங்கும் பரவும் மூச்சுக்காற்று' என்று எழுதி அனுப்புங்கள். உங்கள் நிபுணர் ஐந்தில் அபானனைத் தொடாமல் விட்டாரே, அந்த மட்டில் பிள்ளை தப்பித்தான். அது கீழ்வழியாகப் போகிற காற்று. எந்தச் சித்த வைத்தியரிடமும் கேட்டுப் பாருங்கள், சிரிப்பார்.

அந்தக் கூடுதல் 'ஏ' எங்கிருந்து வந்தது தெரியுமா? அயர்லாந்தில் பிறந்து லண்டனில் கைரேகை பார்த்த கீரோ என்பவரின் எண் அட்டவணையிலிருந்து. அதில் 'வி' 6, 'ஐ' 1, 'ஏ' 1, 'என்' 5. கூட்டினால் 13, அந்த ஒன்றையும் மூன்றையும் சேர்த்தால் 4. நாலாம் எண் என்றால் நம்மவர்களுக்குக் கிலி. இன்னொரு 'ஏ' போட்டால் 14, அதாவது 5. எல்லாரும் சந்தோஷம். தமிழில் எழுதிப் பாருங்கள்: எத்தனை 'ஏ' போட்டாலும் அதே மூன்றெழுத்து.

இனி என் பேச்சு.

'சீட்டில் எழுதித்தான் கொடுத்தோம்' என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். கடிதத்தில் நான் திரும்பத் திரும்பப் படித்தது அதைத்தான். பந்தலில் சொந்தபந்தம் உட்கார்ந்திருக்க, பேரனை மடியில் வைத்துக்கொண்டு, அவன் பெயர் என்னவென்று உங்கள் அம்மா ஒரு துண்டுச் சீட்டைப் பார்த்துத் தெரிந்துகொண்டிருக்கிறார். அலுவலகத்தில் பக்கத்து மேஜைக்காரருக்கு ஓட்டு இருந்தது, அம்மாவுக்கு இல்லை. முன்பின் தெரியாத நிபுணருக்கு ஐயாயிரம் ரூபாயும் காது கொடுக்கப் பொறுமையும் இருந்தன. அம்மாவிடம் 'நீ என்ன பேர் நினைச்சு வச்சிருக்கே?' என்று கேட்க ஒரு நிமிடம் இல்லை. கேட்டிருந்தால் எழுதியிருப்பீர்கள். இந்தப் பகுதிக்கு வரும் கடிதங்களில் பெயர்ச் சண்டைகளுக்குக் குறைவே இல்லை. கேட்டவர்கள் கேட்டோம் என்று தவறாமல் எழுதுவார்கள்.

என்ன அவசரம்? பிறப்பைத்தான் 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயரைச் சேர்க்கச் சட்டமே 12 மாதம் கட்டணமில்லாமல் காத்திருக்கிறது. அதற்கு மேலும் 15 வயது வரை தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். சர்க்காருக்கு இருக்கிற நிதானம் பெற்ற பிள்ளைக்கு இல்லை.

வாயில் நுழையவில்லையாம். 'ஷ' இல்லை, 'ஹ' இல்லை. வி, யா, ன். வாரம் தவறாமல் வியாழக்கிழமை என்று சொல்கிற வாய்க்கு வியான் நுழையாதா? நாக்குக்கு என்ன நோவு? மனசுதான் தடுக்கிறது.

'ஐயா' என்று கூப்பிடுகிறாரே, அதையாவது காது கொடுத்துக் கேட்டீர்களா? புருஷன் பெயரை வாயால் சொல்லாத தலைமுறை அது. எங்கள் ஊர்ப்பக்கம் தாத்தா பெயர் வைத்த பேரனை ஆச்சிகள் பெயர் சொல்லிக் கூப்பிடமாட்டார்கள். 'ஐயா' என்பார்கள், 'ராசா' என்பார்கள். பேரன் என்பதே பெயரன்தான், தாத்தாவின் பெயரைத் தாங்கி வருகிறவன். யாழ்ப்பாணத்தில் தாத்தாவையே பேரன் என்பார்கள். அந்த அளவுக்கு இரண்டு பேரும் ஒரு பெயருக்குள் இருந்தார்கள். உங்கள் அம்மா மனசுக்குள் அந்தப் பிள்ளைக்கு ஒரு பெயர் வைத்துவிட்டார் என்றும், அதனால்தான் அதைச் சொல்லாமல் ஐயா என்கிறார் என்றும் நான் நினைக்கிறேன். 'அப்பா இல்லை' என்று இரண்டே சொல்லில் முடித்துவிட்டீர்கள். எப்போது போனார் என்றுகூட எழுதவில்லை.

அப்பா பெயரை அப்படியே வைத்திருக்க வேண்டும் என்று நான் சட்டம் பேசவில்லை. என் மகளுக்கு என் மாமியார் பெயர். பழைய பெயர், பழைய பெயர் என்று பத்தாம் வகுப்பு வரை என்னோடு மல்லுக்கு நின்றாள். அவள் கோபத்திலும் நியாயம் உண்டு. ஆனால் அதை வைப்பதா வேண்டாமா என்று முடிவெடுத்தபோது வீட்டில் எல்லாரும் உட்கார்ந்திருந்தோம். பெயர் வைப்பது பெற்றவர்கள் இருவரின் சொந்தக் காரியம் என்பது எனக்கு ஏற்காத கொள்கை. பிள்ளை காய்ச்சலில் கிடக்கும்போது பாட்டி வேண்டும், பெயர் வைக்கும்போது வேண்டாமா?

அரசிதழுக்கெல்லாம் போகாதீர்கள். இரண்டேகால் வயசுப் பிள்ளை அந்தப் பெயருக்குத் திரும்பிப் பார்க்கப் பழகிவிட்டான், அது இனி அவன் சொத்து. உங்கள் மனைவியிடமும் இதைச் சொல்லுங்கள்: பொருள் இல்லாத பெயர் இல்லை. சாந்தோக்கிய உபநிடதம் வியானனைப் பேச்சு என்கிறது. மூச்சை இழுக்காமலும் விடாமலும் இருக்கிற இடைவெளியில்தானே பேசுகிறோம். அதே நூல் இன்னோர் இடத்தில், வியானன் நிறைந்தால் செவி நிறையும் என்கிறது. அந்தப் பிள்ளையின் செவியில் பாட்டி சொன்னது சீட்டில் இருந்ததை.

இந்த ஞாயிற்றுக்கிழமை அம்மா பக்கத்தில் உட்காருங்கள். மனைவியும் இருக்கட்டும். போனை உள்ளே வைத்துவிட்டு, என்ன பெயர் நினைத்திருந்தாய் என்று கேளுங்கள். முதலில் 'அதெல்லாம் ஒண்ணுமில்லை' என்பார். எழுந்துவிடாதீர்கள். அப்பா பெயராக இருந்தால் வாயால் சொல்லமாட்டார், நீங்கள்தான் சொல்லவேண்டி வரும். எதுவாக இருந்தாலும் அது வீட்டுப் பெயராகட்டும், நீங்களும் அந்தப் பெயரால் அவனைக் கூப்பிடுங்கள். அதுவரை, அம்மாவுக்கு வாயில் நுழையாது என்று இன்னொருவரிடம் சொல்லிக்கொண்டு திரியாதீர்கள்.