'யுவர் ஷோ ஆஃப் ஷோஸ்' நால்வர் அணிக்கு அப்படி என்ன சிறப்பு? ஏன் மறந்துபோனது?

1950 முதல் 1954 வரை அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் சனிக்கிழமை இரவுகளில் ஒன்றரை மணி நேரம் வந்த பல்சுவை நிகழ்ச்சி இது. முழுக்க நேரலை. வசனம் மறந்தாலும் அங்கேயே சமாளிக்க வேண்டும். அந்த நெருக்கடிதான் சிட் சீசர், இமோஜின் கோகா, கார்ல் ரைனர், ஹோவர்ட் மாரிஸ் என்ற நகைச்சுவை நடிகர்கள் நால்வரையும் ஒருவர் மனசு இன்னொருவருக்குத் தெரிந்தவர்களாக ஆக்கியது என்பேன்.

பிரபலங்களைத் திடீரென மேடையேற்றி அவர்கள் வாழ்க்கைக் கதையைச் சொல்லும் ஒரு நிகழ்ச்சியை 1954-இல் இவர்கள் கிண்டல் செய்ததைப் பாருங்கள். தொகுப்பாளர் ரைனர். பார்வையாளர் நடுவே உட்கார்ந்திருக்கும் சீசர் மேடைக்கு வரமாட்டேன் என்று முரண்டு பிடிக்கிறார். அப்புறம் மாமாவாக வரும் மாரிஸ் அவர் காலைக் கட்டிக்கொள்கிறார். சீசர் நடந்தாலும் விடாமல் காலோடு இழுபடுகிறார். அபாரமான உடல்மொழி!

நிகழ்ச்சிக்கு எழுதியவர்களில் மெல் புரூக்ஸ், லூசில் காலன் போன்றோரும் உண்டு.

சரி, ஏன் மறந்தார்கள்? வீடியோ டேப் புழக்கத்துக்கு வந்ததே 1956-இல்தான். அதுவரை நேரலையைச் சேமிக்க, திரையில் ஓடுவதையே பிலிமில் படம்பிடிப்பார்கள். படம் மங்கலாக இருக்கும். அதே காலத்து நகைச்சுவைத் தொடரான 'ஐ லவ் லூசி' நேரடியாகப் பிலிமில் எடுக்கப்பட்டதால் பல பத்தாண்டுகள் மறுஒளிபரப்பானது. இவர்களுக்கு அந்த வாய்ப்பு அமையவில்லை.