நேரத்தை பாதுகாக்க நிஜமாவே ஒரு அகாடமி இருக்கா?

கதைல வர்ற மாதிரி காலத்தை பூட்டி வைக்கிற அகாடமின்னு கேட்டா இல்லைங்க, ஆனா கிட்டத்தட்ட அந்த வேலையை பாக்குற இடம் ஒண்ணு இருக்கு, பாரிஸ் பக்கத்துல செவ்ருங்கிற ஊர்ல, சர்வதேச எடை அளவு நிறுவனம். உலகம் முழுக்க லேப்கள்ல இருக்குற 400க்கும் மேல அணு கடிகாரங்களோட ரீடிங்கை வாங்கி, எது ஒழுங்கா ஓடுதோ அதுக்கு அதிக வெயிட் குடுத்து சராசரி போடுறாங்க, அதை வச்சுதான் யூடிசி, அதாவது உலகம் முழுக்க பொதுவா வச்சுக்குற நேரம். நம்ம டெல்லி என்பிஎல் (தேசிய இயற்பியல் ஆய்வகம்) கடிகாரங்களும் அதுல சேர்த்தி, ஐஎஸ்டிங்கிற இந்திய நேரம் அந்த என்பிஎல்லருந்துதான் வருது.

இதுல செம காமெடி என்னன்னா, கணக்கு முடிஞ்சு ரிசல்ட் மாசத்துக்கு ஒரு தடவைதான் வரும். அதாவது இப்ப துல்லியமா மணி என்னன்னு அடுத்த மாசம்தான் தெரியும் 😄 அதுவரைக்கும் ஒவ்வொரு நாட்டு லேபும் தன்னோட கடிகாரத்தை வச்சு ஓட்டிக்கும், வித்தியாசம் நானோசெகண்ட் கணக்குலதான்.

செகண்டுன்னா என்னங்கிறதையும் 1967ல மாத்திட்டாங்க, சீசியம் அணு 919,26,31,770 தடவை துடிக்கிற நேரம். பூமி சுத்துறது ஒரே சீரா இல்ல, அதான் அதை நம்பல. ஆனா அணு கடிகாரம் பூமி சுத்துறதை விட்டு ரொம்ப விலகிடக்கூடாதுன்னு 1972லருந்து 27 தடவை கூடுதலா ஒரு செகண்ட் (லீப் செகண்ட்) சேர்த்தாங்க, கடைசியா 2016 டிசம்பர்ல. கம்ப்யூட்டர்காரங்களுக்கு அது பெரிய தலைவலி, 2035க்குள்ள அதையும் விட்டுடலாம்னு முடிவு பண்ணியாச்சு.